பதிய முடியாத கேசட்

பிள்ளைகளா, தகரப் பெட்டியில் கிடக்கிற கறுப்புக் கேசட்டை வைத்துக்கொண்டு போன வாரம் என்னிடம் சண்டை போட்டீர்கள். "பட்டன் அமுங்கவே மாட்டேங்குதுப்பா, இதுல பாட்டுப் பதிய முடியாது, கெட்டுப்போச்சு" என்றாள் மூத்தவள். கெட்டுப்போகவில்லை அம்மா. வாயால் சொன்னால் நீங்கள் நின்று கேட்க மாட்டீர்கள் என்று எழுதி வைக்கிறேன்.

நீங்கள் சின்னப் பிள்ளைகளாக இருந்தபோது, இங்கே ரங்கூனுக்கு வந்த ஒரு ஜெர்மன் டிவி படக் கூட்டத்துக்குப் பத்து நாள் வேன் ஓட்டினேன். அதில் வயதான ஒருவர் நடித்தார். படத்துக்கு இசையும் அவரே. பர்மிய வழக்கப்படி அவரை 'சயா', அதாவது ஐயா, என்றேன். பேருக்கு முன்னால் 'கோ' போட்டால் அண்ணன் என்கிற மாதிரி மரியாதை என்று யாரோ அவருக்குச் சொல்லியிருக்கிறார்கள். அவர் என்னைக் 'கோ டிரைவர்' ஆக்கிவிட்டார். இருவருக்கும் அரைகுறை இங்கிலீஷ்தான்.

முப்பது வருஷமாக அவருக்கு இதுதான் பிழைப்பாம். "துப்பறியும் தொடர்ல வாரா வாரம் பியானோ நான்தான். சில வாரம் பிணமும் நான்தான்" என்று சிரிப்பார். ஆள் பேசாத இடத்துக்கு இசை எழுதுவதுதான் தன் வேலை என்றார். அதை வீட்டில் சொன்னேன்.

"அப்போ நம்ம வீட்டுல அவருக்கு வேலையே இருக்காது" என்றாள் உங்கள் அம்மா.

படத்தில் அவர் ஒரு தகப்பன். ரங்கூன் ஸ்டேஷனில் மகளுக்காகக் காத்திருப்பார். ரயில் வரும், மகள் வரமாட்டாள். அதை எடுத்து முடித்த மறுநாள், அந்த இடத்துக்கென்று ஊரிலேயே எழுதிப் பதிந்துகொண்டு வந்த கேசட்டை வேனிலேயே போட்டு என்னைக் கேட்க வைத்தார். வயலின்கள் உருகின.

"எப்படி இருக்கு, கோ டிரைவர்?"

நன்றாக இருக்கிறது என்று சொல்லிவிட்டு ஓட்டியிருக்க வேண்டும். எனக்கு வாய் சும்மா இருக்கவில்லை. கலவர வருஷத்தில் உங்கள் சித்தப்பா வருவான் என்று அதே நடைமேடையில் மூன்று நாள் நின்றவன் நான்.

"என் தம்பி வரல, சயா. அப்போ எனக்கு ஒண்ணுமே காதுல விழல. ரயில் சத்தம்கூட."

அவர் கேசட்டை நிறுத்தினார். அதை வெளியே எடுத்துப் பையில் போட்டுக்கொண்டார்.

மறுநாள் வேன் பக்கத்திலேயே டைரக்டர் அவரிடம் கத்தினார். ஜெர்மன் எனக்குப் புரியாது. ஆனால் சயா தலையை இல்லை இல்லை என்று ஆட்டியது தெரிந்தது. போச்சு, ஒரு மனுஷனுடைய சோற்றில் மண் போட்டுவிட்டோம் என்று நினைத்தேன்.

கடைசி நாள் விமான நிலையத்துக்கு அவரை மட்டும் ஏற்றிக்கொண்டு போனேன். அன்றைக்கு என்ன சண்டை என்று பொறுக்க முடியாமல் கேட்டுவிட்டேன்.

"ஸ்டேஷன்ல இசை கிடையாது, அது முடிவாயிடுச்சு" என்றார். "டிவி கெட்டுப்போச்சுன்னு சனங்க தட்டிப் பார்ப்பாங்கன்னு டைரக்டருக்குக் கோபம். அவரோட அடுத்த படத்துக்கு வேற ஆள்."

"என்னாலதானே, சயா?"

"உங்களாலயா? நடிக்கிறப்பவே அந்த வயலின் என் மண்டைக்குள்ள ஓடிக்கிட்டிருந்துச்சு, கோ டிரைவர். எவன்டா இதை எழுதினதுன்னு திட்டிக்கிட்டேதான் நின்னேன். எழுதினவன் நான்தான்!"

அவர் சிரித்தார். எனக்குச் சிரிப்பு வரவில்லை. இறங்கும்போது கேசட்டை என் கையில் வைத்தார். "இது படத்துல வராது. நீங்க வச்சுக்கங்க."

திரும்பும் வழியில் ஒரு மரத்தடியில் வண்டியை நிறுத்தி முழுக்கக் கேட்டேன். நல்ல இசை, பிள்ளைகளா. நான் அன்று அவரிடம் சொல்லாமல் விட்டது அதைத்தான். கேசட்டின் முதுகு விளிம்பில் இரண்டு சின்னப் பிளாஸ்டிக் பற்கள் இருக்கும். அவை இல்லாவிட்டால் பதிகிற பட்டன் அமுங்காது, அதன் மேல் வேறு எதையும் பதிய முடியாது. வண்டிச் சாவியின் நுனியால் ஒன்றை உடைத்தேன், திருப்பிப் பிடித்து இன்னொன்றையும் உடைத்தேன். மடியில் விழுந்த துண்டுகளைத் தட்டிவிட்டு வண்டியை எடுத்தேன்.