டெல்லாவின் ஜிப்பும் பகல் பன்னிரண்டு மணிப் புத்தாண்டும்

அமெரிக்காவின் டுலூத் நகரத்தில், ஏரியைப் பார்த்த மேட்டில் இருக்கும் லூதரன் தேவாலயத்தின் கீழ்த்தளத்தில் ஒரு குழந்தைகள் காப்பகம் நடக்கிறது. அங்கே புத்தாண்டு பகல் பன்னிரண்டு மணிக்கே பிறந்துவிடும். நாலு வயதுப் பிள்ளைகளை நள்ளிரவு வரை விழித்திருக்க வைக்கும் தெம்பு யாருக்கு இருக்கிறது? பத்திலிருந்து ஒன்றுவரை கீழ்நோக்கி எண்ணுவார்கள். போர்வையில் கட்டித் தொங்கவிட்ட பலூன்கள் உதிரும். ஆப்பிள் ஜூஸ் குடித்துவிட்டு, சாப்பிட்டுப் படுத்துவிடுவார்கள். கண் விழித்தால் புது வருஷம். பிள்ளைகள் இதை அப்படியே நம்புகிறார்கள். பெற்றோரும் மறுத்துப் பேசுவதில்லை, அன்றைக்கு இரவு நேரத்தோடு படுக்கும் ஆசை அவர்களுக்கும் உண்டு.

எண்ணத் தொடங்குமுன் ஒவ்வொரு பிள்ளைக்கும் ஒரு காகிதக் கிரீடம். கிரீடத்தின் உள்பக்கத்தில் வரும் வருஷத்துக்கென்று ஒரு நல்ல வார்த்தை. அதை எழுதுவது ஆர்டிஸ் டோலெஃப்சனின் வேலை.

ஆர்டிஸ் முதலில் முதியோர் இல்லத்தில் உதவியாளராக இருந்தவள். பக்கவாதம் வந்தவர்களைத் தூக்கி உட்காரவைத்தே இடுப்பு போயிற்று. தூக்க லேசானவர்கள் என்று பிள்ளைகளிடம் வந்தாள். பனிக்காலத்து உடுப்போடு சேர்த்தால் அவர்களும் லேசில்லை என்று தெரிவதற்குள் தலை நரைத்துவிட்டது. கணவர் கார்டி இறந்துபோன பிறகு வீட்டில் சும்மா இருக்கவும் பிடிக்கவில்லை. அதனால் இன்னும் வருகிறாள், முழங்காலைத் திட்டிக்கொண்டே.

நட்சத்திரத்தைத் தொடுவாய், உலகை வெல்வாய் என்றெல்லாம் அவள் எழுதியதில்லை. நடக்காததைச் சொல்லி ஆசை காட்டுவது அவளுக்குப் பிடிக்காது. முதியோர் இல்லத்தில், “நாளைக்கு நீங்களே ஸ்பூன் பிடிப்பீங்க” என்று சொன்னால் எப்படிப்பட்ட கிழவரும் கையை நீட்டுவார். பிள்ளைகளுக்கும் அதே கணக்குதான். “இந்த வருஷம் நீ கத்தரிக்கோல் பிடிப்பாய்.” “இந்த வருஷம் பூட்ஸைக் கால் மாற்றாமல் போடுவாய்.” முக்கால் பங்கு வந்துவிட்ட ஒன்றைப் பார்த்து அதைத்தான் எழுதுவாள்.

இந்த வருஷம் அதையும் விட்டுவிட்டாள். விரல் மூட்டுகள் வீங்கியிருந்தன. காப்பகத்தை நடத்தும் கெண்ட்ரா அச்சடித்த ஸ்டிக்கர்களைக் கொண்டுவந்து மேசையில் வைத்தாள்.

“ஆர்டிஸ், கைய ஏன் வருத்திக்கிறீங்க? உரிச்சு ஒட்டினா முடிஞ்சுபோச்சு.”

ஆர்டிஸ் ஒன்றை எடுத்துப் படித்தாள். நட்சத்திரத்தைத் தொடுவாய் என்றுதான் இருந்தது. “சரி, ஒட்டு” என்றாள். வாதம் பண்ணவும் தெம்பு வேண்டுமே.

எல்லாரும் கிரீடம் வைத்துக்கொண்டார்கள், டெல்லாவைத் தவிர.

டெல்லா சுவரில் தன் கோட்டை மாட்டும் கொக்கிக்குக் கீழே, கோட்டைப் போட்டுக்கொண்டு நின்றாள். தலையில் போன வருஷத்துக் கிரீடம், டேப் ஒட்டி ஒட்டிப் பழுப்பேறியது. அதில் ஆர்டிஸின் கையெழுத்து: “இந்த வருஷம் நீயே ஜிப்பைப் போட்டுக்கொள்வாய்.”

“புதுசு வேண்டாமாடி?”

“வேண்டாம் மிஸ் ஆர்டிஸ். இது இன்னும் முடியல.”

பிறந்ததிலிருந்தே டெல்லாவின் இடதுகைக் கட்டைவிரலில் பிடிப்பு கிடையாது. ஜிப் போட ஒரு கை கீழ்முனையை இறுக்கிப் பிடிக்க வேண்டும், மறுகை இழுக்க வேண்டும். போன வருஷத்துக் கோட்டில் பெரிய பற்கள், கிட்டத்தட்ட வந்துவிட்டது. இலையுதிர் காலத்தில் பெரியம்மா மகளின் பழைய கோட்டு வந்து சேர்ந்தது. அதன் ஜிப் மீன் முள் மாதிரிப் பொடிசு. கீழ்முனையை மேசை விளிம்பில் அழுத்திக்கொண்டு இழுக்கலாம் என்று ஆர்டிஸ் காட்டியிருந்தாள், பக்கவாதக்காரர்கள் செய்வதுபோல. டெல்லா ஒரு தடவை செய்து பார்த்துவிட்டு, “பஸ் ஸ்டாப்ல மேசை இருக்காது” என்று சொல்லிவிட்டாள்.

இப்போது பன்னிரண்டு ஆனால் வருஷம் முடிந்துவிடும். டெல்லாவின் கணக்கில், அதோடு அந்த வார்த்தையும் செத்துப்போகும்.

ஜிப்பின் முள் உள்ளே போகும். கீழ்முனை நழுவும். மறுபடி போகும், மறுபடி நழுவும். ஆர்டிஸ் நாற்காலியில் ஏறாத குறையாக எட்டி, சுவர்க் கடிகாரத்திலிருந்து பேட்டரியைக் கழற்றிப் பாக்கெட்டில் போட்டுக்கொண்டாள்.

கெண்ட்ரா பார்த்துவிட்டாள். “என்ன பண்றீங்க? மத்தியானச் சாப்பாட்டுக்கு வச்ச ஹாட்டிஷ் ஆறிப்போகுது. ஜன்னல் பக்கம் பேரண்ட்ஸ் படம் பிடிக்க போனை நீட்டிக்கிட்டு நிக்கிறாங்க.”

“கொஞ்சம் பொறு.”

“எவ்வளவு கொஞ்சம்?”

சோரன் பசிக்கிறது என்று அழ ஆரம்பித்தான். அவன் அழுததைப் பார்த்து இன்னொருத்தி. மூன்றாவது பையன் நின்ற இடத்திலேயே ஈரம் பண்ணிவிட்டான். ஒரு பிள்ளைக்காக அறை முழுவதையும் பட்டினி போட முடியாது. ஆர்டிஸ் பேட்டரியைத் திரும்பப் போட்டாள்.

பத்து, ஒன்பது, எட்டு. பலூன்கள் விழுந்தன. டெல்லா கோட்டுக்குள் தலையை இழுத்துக்கொண்டு அழுதாள். சாப்பிடவில்லை. கோட்டோடுதான் படுத்தாள். ஆர்டிஸ் அதைக் கழற்றப் போகவில்லை, பக்கத்தில் ஒரு தண்ணீர்க் குவளையை மட்டும் வைத்தாள்.

மூன்று மணிக்கு டெல்லாவின் அம்மா ஷானா வந்தாள். மருத்துவமனைச் சலவைப் பகுதியில் விடிகாலை ஷிஃப்ட். கண்கள் உள்ளே போயிருந்தன. வந்த வேகத்தில் குனிந்து மகளின் ஜிப்பை இழுக்கக் கையை நீட்டினாள்.

“தொடாதே!” டெல்லா கத்தினாள்.

“பஸ் வந்துடும்டி தங்கம். இன்னிக்கு மட்டும்.”

“எல்லா நாளும் இன்னிக்கு மட்டும்னுதான் சொல்றே. வருஷமே போயிடுச்சு!”

ஷானா ஆர்டிஸைப் பார்த்தாள். ஆர்டிஸ் சின்ன நாற்காலியில் உட்கார்ந்திருந்தாள், எழுந்திருக்க முடியாதவள்போல. அலுப்பில் வாய் தானாக முந்திக்கொண்டது.

“போகலடி. நிஜப் புத்தாண்டு ராத்திரி பன்னிரண்டுக்குத்தான். இது நாம வச்சிக்கிட்டது.”

பூட்ஸ் மாட்டிக்கொண்டிருந்த சோரன் நிமிர்ந்தான். “அப்போ பலூன்?”

“பலூன் நிஜம்தான்.”

கதவருகே கெண்ட்ரா நெற்றியில் கை வைத்துக்கொண்டாள். “போச்சு. இன்னிக்கு ராத்திரி எத்தனை அம்மா எனக்கு போன் பண்ணப் போறாங்களோ!”

டெல்லா மூக்கைத் துடைத்தாள். “அப்போ எனக்கு இன்னும் நேரம் இருக்கு.”

“இருக்கு.”

“ஆர்டிஸ்,” ஷானாவின் குரலில் கோபம்கூட முழுசாக வரவில்லை, “நாளைக்கும் எனக்கு அஞ்சு மணி ஷிஃப்ட். ஏழு மணிக்கு இவளப் படுக்கப் போடலாம்னு இருந்தேன்.”

“தெரியும்மா. என்னத் திட்டிக்கோ.”

“திட்டவும் நேரமில்ல” என்றாள் ஷானா. மகளைத் திறந்த கோட்டோடு தூக்கித் தன் கோட்டுக்குள் பொதிந்துகொண்டு பஸ்ஸுக்கு ஓடினாள்.

புத்தாண்டு விடுமுறை முடிந்து காப்பகம் திறந்த அன்று அவர்கள்தான் முதலில் வந்தார்கள். டெல்லாவின் கோட்டு மோவாய்வரை ஏறியிருந்தது. யாரும் கேட்குமுன் ஜிப்பைச் சர்ரென்று இறக்கினாள். தரையில் சப்பணம் போட்டு உட்கார்ந்தாள். கோட்டின் கீழ் ஓரத்தை இழுத்துத் தொடைக்கடியில் செருகி அதன்மேலேயே நன்றாக அமர்ந்தாள். கோட்டு நகரவில்லை. வலக்கை முள்ளை மாட்டி இழுத்தது. மேலேவரை.

“பஸ் ஸ்டாப்லயும் உக்காரலாம்” என்றாள்.

“பனியிலயா?” என்று கேட்டாள் ஆர்டிஸ்.

“பனிக் கால்சட்டை போட்டிருக்கேனே.”

ஆர்டிஸ் தலையை ஆட்டினாள். டெல்லாவின் தலையிலிருந்த பழைய கிரீடத்தைக் கழற்றி மேசையில் வைத்தாள்.

“எப்போ வந்துச்சு?” என்று ஷானாவிடம் கேட்டாள்.

“அன்னிக்கு ராத்திரியே, சமையலறைத் தரையில, நான் சூப்பைச் சுடவச்சு சுடவச்சு நின்னுக்கிட்டிருந்தப்போ. அப்புறம் கோட்டைக் கழற்ற மாட்டேன்னுட்டா. கோட்டோடவே தூங்கினா. நானும் தூங்கல, அவ வேர்த்துக் கொட்டுறாளான்னு தொட்டுத் தொட்டுப் பாத்துக்கிட்டு.” ஷானா சுவரில் சாய்ந்துகொண்டாள். முகத்தில் சிரிப்பா கொட்டாவியா என்று சொல்ல முடியவில்லை.

டெல்லா அன்றைக்கு வேண்டாமென்ற புதுக் கிரீடத்தை எடுத்து நீட்டினாள், உள்பக்கம் வெறுமையாக. “இப்போ எழுதுங்க மிஸ் ஆர்டிஸ்.”

ஆர்டிஸ் பேனாவை எடுத்தாள். பார்வை பழக்கதோஷத்தில் பிள்ளையின் காலுக்குப் போயிற்று, ஷூவுக்கு.

ஷானா அதைப் பார்த்துவிட்டாள். “ஐயோ, ஷூ லேஸ் மட்டும் வேண்டாம். உங்களுக்குப் புண்ணியமாப் போகும். அந்த நட்சத்திர ஸ்டிக்கர் மிச்சம் இருக்கா? அதையே ஒட்டிடுங்க.”