பின்னோக்கி நடந்த பதினான்கு விநாடிகள்

அந்தப் பாட்டு வீடியோவில் நான் வருவது பதினான்கு விநாடிகள். என் மகள் எண்ணிச் சொன்னாள். நீல ஸ்வெட்டர், குரங்குக் குல்லா, கையில் சாப்பாட்டுப் பை. பதினான்கு விநாடியும் நான் பின்னோக்கி நடந்துகொண்டிருக்கிறேன்.

எனக்கு வீடு அடி அண்ணாமலையில். வேலை வேங்கிக்காலில் ஒரு ஜெராக்ஸ் கடையில். சர்க்கரை வந்த பிறகு டாக்டர் தினமும் நடக்கச் சொன்னார். காலையில் ஒரு மணி நேரம் கிரிவலப் பாதையில் நடந்துவிட்டு அதன் பிறகு பஸ் ஏறுவேன். வேலைக்குப் போகும் திசையும் மலையை வலம் வரும் திசையும் ஒன்றாக அமைந்துவிட்டதால், பார்த்தவர்கள் அதைப் பக்தி என்று எடுத்துக்கொண்டார்கள். நான் யாரையும் திருத்தவில்லை.

பனிக்காலத்தில் ஒரு காலை, பாதையோரம் இரண்டு வேன்கள் நின்றன. கேமரா இருந்தது. காதில் ஒயர் மாட்டிய ஒரு பெண் என்னிடம் வந்து, "அங்கிள், நீங்க பாட்டுக்கு நடங்க. கேமராவ மட்டும் பாக்காதீங்க" என்றாள். அது எனக்குச் சுலபம். நான் ஆட்களையே அதிகம் பார்ப்பதில்லை.

சென்னைப் பாடகி ஒருத்தியின் பாட்டுக்காக அந்தப் படப்பிடிப்பு. சினிமாவில் பாடுகிறவள் இல்லை. தானே எழுதி, தானே மெட்டுப் போட்டுப் பாடுகிறவள். புது ஆல்பத்தில் முதலில் வெளிவரப்போவது இந்தப் பாட்டுத்தான், இது ஓடினால்தான் மற்றவை ஓடும் என்று ஒயர் மாட்டிய பெண் சொன்னாள். பாடகி வெள்ளிநிறக் கோட்டுப் போட்டு, செருப்பில்லாமல், எங்களோடு கூடவே பின்பக்கமாக நடந்து வந்தாள். வாயில் ஏதோ பாடிக்கொண்டே வந்தாள். ஒரு வார்த்தையும் விளங்கவில்லை.

"தெலுங்கா இருக்கும்" என்றேன் பக்கத்தில் நடந்த பூக்காரம்மாவிடம்.

"எங்க வீட்ல தெலுங்குதான். இது அது இல்ல."

தன் பாட்டையே கடைசி எழுத்திலிருந்து முதல் எழுத்து வரை தலைகீழாக மனப்பாடம் செய்திருக்கிறாள், அதற்கு இரண்டு மாதம் ஆனது என்று பிறகு தெரிந்தது.

ஒரே இடத்தை ஆறு முறை எடுத்தார்கள். ஒவ்வொரு முறையும் புறப்பட்ட இடத்துக்குத் திரும்ப வேண்டும். பூக்காரம்மா மறுத்துவிட்டாள். "மலைய எடமா வச்சி நடக்க மாட்டேன். எத்தினி பௌர்ணமி சுத்தனது, அல்லாம் போயிடும்." ஒரு ஷேர் ஆட்டோவைப் பிடித்துவந்து எங்களைப் பின்னால் கொண்டுபோய் விட்டார்கள். "ஆட்டோவும் அந்தப் பக்கந்தான போவுது?" என்று டிரைவர் கேட்டார். "அது ஆட்டோவோட பாவம்" என்றாள் அவள். அன்று கடைக்கு ஒன்றரை மணி நேரம் தாமதமாகப் போனேன்.

இரண்டு மாதம் கழித்து வீடியோ வந்தது. எடுத்ததை அப்படியே தலைகீழாக ஓட்டியிருந்தார்கள். அதனால் பாடகி நேராக நடந்து வருகிறாள், தெளிவான தமிழில் பாடுகிறாள். மற்றதெல்லாம் பின்னால் போகிறது. பஸ், நாய், பூக்காரம்மா, நான். காய்ந்த இலைகள் மரத்துக்கு ஏறுகின்றன. ஒருத்தி முன்னே போகிறாள், ஊரே பின்வாங்குகிறது என்பது பாட்டின் பொருள். நாங்கள்தான் அந்த ஊர். குல்லா போட்ட அங்கிள் நன்றாக நடித்திருக்கிறார் என்று யாரோ கீழே எழுதியிருந்தார்கள்.

அப்போது என் மகளுக்குக் கீழ்பென்னாத்தூரில் ஒரு வரன் கூடி வந்திருந்தது. விவசாயக் குடும்பம், பையன் ஓசூரில் வேலை. அதற்கு முன் வந்த நான்கு வரன்களையும் அவள் வேண்டாம் என்று சொல்லியிருந்தாள். இந்த வரனை அப்படிச் சொல்லவில்லை. இருவரும் ஃபோனில் பேச ஆரம்பித்திருந்தார்கள். தரகர் அந்த வீட்டில் என்னைப் பற்றி ஒன்றே ஒன்றுதான் சொல்லியிருந்தார்: தினமும் மலை சுற்றுகிறவர்.

பாட்டு வீடியோ அந்த வீட்டுக்கும் போய்ச் சேர்ந்தது. பையனின் அப்பா ஃபோன் செய்தார். "தாம்பூலம் மாத்தறத கொஞ்சம் தள்ளி வச்சிக்கலாங்க. வீட்ல ஒரு மாதிரி நெனைக்கறாங்க. மலைய எதிர்ப்பக்கமா, அதுவும் பின்னாடியே போயிருக்கீங்களே. காசு குடுத்தாங்களா?"

"டீ குடுத்தாங்க" என்றேன்.

மகளிடம் சொன்னேன். அவள் எழுந்துபோய், கழுவி வைத்திருந்த பாத்திரங்களை மறுபடியும் கழுவினாள். பிறகு வந்து, "நீயே நேர்ல போய்ச் சொல்லுப்பா. ஃபோன்ல உனக்குப் பேச வராது" என்றாள். நேரில் மட்டும் வருமா என்று இரண்டு பேரும் சற்று யோசித்தோம். வீடியோவைத் தலைகீழாக ஓட்டும் ஆப் ஒன்றை என் ஃபோனில் ஏற்றி, எதை எதை அழுத்த வேண்டும் என்று காட்டிக்கொடுத்தாள்.

ஞாயிற்றுக்கிழமை போனேன். பையனின் அப்பா மாட்டுத் தொட்டியில் தண்ணீர் ஊற்றிக்கொண்டிருந்தார். அவர் மனைவி வாசலில் உட்கார்ந்து வேர்க்கடலை உரித்துக்கொண்டிருந்தார். நிமிர்ந்து பார்க்கவில்லை.

"அது தலைகீழா ஓட்டனதுங்க" என்றேன்.

"எங்க பையனும் அதத்தான் சொல்றான். அவன் உங்க பொண்ணுக்காகச் சொல்றான்" என்றார் அந்த அம்மா. "பாடற பொண்ணு நேரா நடக்குது இல்ல? அப்ப நீங்கதான பின்னாடி போறீங்க?"

அவர் சொன்னதில் தப்புக் கண்டுபிடிக்க முடியவில்லை. வேண்டாத ஒன்று வாயில் வந்துவிட்டது. "நான் பக்திக்கு நடக்கறது இல்லீங்க. சுகருக்கு."

"எவ்ளோ இருக்குது?" என்று பையனின் அப்பா கேட்டார். சொன்னேன். "எனக்கு அதவிட ஜாஸ்தி" என்றார்.

நான் ஃபோனை எடுத்தேன். "இன்னொரு குடம் ஊத்துங்க" என்றேன். அவர் அடிகுழாயிலிருந்து குடத்தைத் தூக்கி வந்து தொட்டியில் ஊற்றினார். எடுத்தேன். மகள் சொன்னபடி அழுத்திக் காட்டினேன். தொட்டித் தண்ணீர் எழும்பிக் குடத்துக்குள் போனது. குடத்தோடு அவர் பின்னாலேயே நடந்து அடிகுழாய்க்குப் போனார்.

வெகுநேரம் பார்த்தார். "நான் பின்னாடி நடக்கலையே" என்றார்.

"நானும் நடக்கலீங்க."

அந்த அம்மா கையை நீட்டி ஃபோனை வாங்கிப் பார்த்தார். திருப்பிக் கொடுத்துவிட்டு, "என்னையும் எடுங்க" என்றார். அவர் உரித்ததை எடுத்துக் காட்டினேன். முறத்திலிருந்த பருப்பு கைக்குத் தாவி ஓட்டுக்குள் புகுந்தது, ஓடு மூடிக்கொண்டது. மூன்று தடவை பார்த்தார். பிறகு பக்கத்து வீட்டிலிருந்த ஓரகத்தியைக் கூப்பிட்டார்.

"இங்க வா. அந்த மலைப் பாட்டு இருக்குது இல்ல, அதுல யாரும் பின்னாடி நடக்கல. அந்தப் பொண்ணுதான் பின்னாடி நடந்துது. மிஷின்ல மாத்திட்டாங்க. ஒன்னும் தெரியாம பேசிக்கினு இருந்த."

"நானா பேசினேன்?" என்றாள் ஓரகத்தி.

பையனின் அம்மா முறத்தைத் தள்ளி வைத்தார். உள்ளே போய்க் காலண்டரைப் பார்த்துவிட்டு வந்தார். "வர புதன் நல்லா இருக்குது. தாம்பூலத்த அன்னிக்கே மாத்திக்கலாம். வீடியோக்காரன் வேணாம். ஃபோட்டோ போதும்."

"சரிங்க" என்றேன்.

பஸ் ஸ்டாப்பில் நின்று மகளுக்கு ஃபோன் செய்து, புதன்கிழமை என்றேன். அந்தப் பக்கம் பாத்திரம் கழுவும் சத்தம் நின்றது. அவள் ஃபோனை வைக்கவில்லை. பஸ் வரும்வரை இரண்டு பேரும் அப்படியே இருந்தோம்.