ஏசிக்காரரின் தும்பிக்கை

ஏசி மாட்ட அடுத்தவர் வீட்டுச் சுவரில் ஓட்டை போட ஏசிக்காரருக்கு ஒரு நாளும் கை கூசியதில்லை. போன வாரம் வண்ணம் அடித்த சுவரா, தாத்தா காலத்துக் கருங்கல் சுவரா, எல்லாம் அவருக்கு ஒன்றுதான். ட்ரில்லை வைத்து அழுத்தினால் மறுபக்கம் வெளிச்சம் தெரிய வேண்டும். மெத்தை, புத்தகம், தூங்குகிற பூனை என்று பாரபட்சம் பார்க்காமல் தூசி கொட்டும். வீட்டுக்காரர்கள் பதறினால், "துடைச்சா போயிடும்மா" என்பார். போகாது என்று அவருக்கும் தெரியும். ஆனால் அவர்கள் துடைத்துப் பார்ப்பதற்குள் அவர் அடுத்த தெருவில் இருப்பார்.

அவர் மனைவிக்கும் ஓட்டை போடுகிற தொழில்தான், என்ன, கொஞ்சம் சின்ன ஓட்டை. ரத்தப் பரிசோதனை நிலையத்தில் வருகிறவர்கள் கையைப் பிடித்து ஊசி குத்துபவர். "எறும்பு கடிச்ச மாதிரிதான் இருக்கும்" என்று சொல்லி முடிப்பதற்குள் குத்தி முடித்திருப்பார். அது எந்தக் காட்டு எறும்பு என்று நோயாளி யோசிக்கும்போது அடுத்தவர் நாற்காலியில் உட்கார்ந்திருப்பார்.

இப்படி ஓட்டையிலேயே பிழைத்த குடும்பம், போடாத ஒரே ஒரு ஓட்டையால் சந்தி சிரித்தது.

எல்லாம் ஜீப் வந்த நாளில் தொடங்கியது. நாலு சக்கரமும் இழுக்கும் வண்டி. சேறு, பாறை, ஆறு எதிலும் போகும் என்றார்கள். போகும்தான், யாராவது ஓட்டினால். ஏசிக்காரர் ஓட்டவில்லை, அலங்கரித்தார். கூரையில் வரிசையாக விளக்கு. முன்னால், சேற்றில் மாட்டினால் இழுத்துக்கொள்ள இரும்புக் கயிற்று உருளை. பக்கத்தில் ஒரு மண்வெட்டி. அதன் விலைச்சீட்டுகூடக் கிழிக்கப்படவில்லை. கடைசியாக அந்தக் கறுப்புக் குழாய். ஆழமான தண்ணீரில் இறங்கினாலும் இன்ஜினுக்குக் கூரை உயரத்திலிருந்து காற்று போக வேண்டும் என்பதற்காக வண்டியின் பக்கவாட்டில் மாட்டுகிற மூச்சுக்குழாய் அது. மனைவி அதற்குத் தும்பிக்கை என்று பெயர் வைத்தார்.

மாட்டப் போன கடையில், கடைக்காரர் முன் சக்கரத்துக்கு மேலே தகட்டைத் தட்டிக் காட்டினார்.

"இங்க ஒரு ஓட்டை போட்டாதான் சார் குழாயை உள்ள இன்ஜினோட சேர்க்க முடியும்."

ஏசிக்காரர் நெஞ்சைப் பிடித்துக்கொண்டார். "புது வண்டிங்க! இதுல போய் ஓட்டையா? மேலயே ஒட்டி விட்டுடுங்க."

"ஒட்டினா பார்க்கத்தான் சார் இருக்கும். தண்ணிக்கு உதவாது."

"பார்க்க இருந்தா போதும்."

அத்தோடு அந்தப் பேச்சு முடிந்தது. ஆனால் மண்பாதை நண்பர்களின் வாட்ஸப் குழுவில் அவர் பேச்சு முடியவே இல்லை. "நம்ம வண்டி இடுப்பளவு தண்ணியில சும்மா மீன் மாதிரி போகும்" என்று எழுதுவார். சொல்லிச் சொல்லி, கொஞ்ச நாளில் அவரே நம்பிவிட்டார். ஒட்டின கதை மறந்தே போனது. இரண்டு வருடத்தில் அந்த ஜீப் ஏறிய மிகப் பெரிய மேடு, மளிகைக் கடை வாசலில் இருந்த வேகத்தடை. ஞாயிற்றுக்கிழமைகளில் பல் துலக்கும் பிரஷ்ஷால் அதற்குச் சக்கரம் துலக்கப்படும். இருக்கைகளின் பிளாஸ்டிக் உறை கழற்றப்படாததால் உட்காரும்போதெல்லாம் வண்டி அபான வாயு விட்டது போல ஒரு சத்தம் போடும். ஜீப்பின் மூக்கு வெளியே நீட்டிக்கொண்டிருந்ததால் வாசல் கேட்டை மூட முடியாது. மனைவி தன் ஸ்கூட்டரைச் சுவரோடு உரசித்தான் எடுக்க வேண்டும். இரண்டு தடவை முழங்கை தேய்ந்தது. மூன்றாவது தடவை பொறுமை தேய்ந்தது.

மனைவி விடுமுறை நாட்களில் மலைப்பாதையில் நடக்கிறவர். ஒரு தண்ணீர் பாட்டில், ஒரு பழைய தொப்பி, அவ்வளவுதான் அவருடைய உதிரிபாகங்கள்.

"என்னங்க, வர்ற ஞாயித்துக்கிழமை மலை உச்சிக் குடிலுக்கு நான் நடந்து வரேன். நீங்க உங்க யானையில வாங்க. எனக்கு முன்னாடி வந்துட்டீங்கன்னா இந்த வண்டியைப் பத்தி ஜென்மத்துக்கும் வாயைத் திறக்க மாட்டேன்."

"வரலைன்னா?"

"வித்துடணும்."

ஏசிக்காரர் சிரித்தார். அடிவாரத்திலிருந்து காலால் ஏறுகிறவளிடம் நாலு சக்கரம் தோற்குமா? சாட்சிக்கு மைத்துனனை ஏற்றிக்கொண்டார். அவன் செல்போன் ரிப்பேர் கடை வைத்திருப்பவன். வாயை மட்டும் யாராலும் ரிப்பேர் செய்ய முடியாது.

மண் பாதை தொடங்கியதுமே வண்டி நடை வேகத்துக்கு வந்துவிட்டது. ஒரு முள் கிளை தெரிந்தால் ஏசிக்காரர் இறங்கிப் போய், குழந்தையின் முகத்திலிருந்து முடியை விலக்குவது போல அதை ஒதுக்கிப் பிடிப்பார். மைத்துனன் வண்டியை நகர்த்துவான்.

"மாமா, அக்கா இந்நேரம் மேல போய்க் குளிச்சு முடிச்சிருக்கும்."

"வாயை மூடு மாப்ள. ஆறு வரட்டும். அங்கதான் இருக்கு நம்ம ஆட்டம்."

ஆறு வந்தது. ஆறு என்று சொன்னால் ஆறு கோபித்துக்கொள்ளும். அது ஒரு பெரிய ஓடை.

"இறங்கி நடந்து ஆழம் பார்த்துட்டு வரவா மாமா? எல்லாரும் அப்படித்தானே செய்வாங்க?"

"அதெல்லாம் தும்பிக்கை இல்லாதவனுக்கு."

நேரம் வேறு போய்க்கொண்டிருந்தது. ஏசிக்காரர் ஆக்சிலேட்டரை மிதித்தார். மெதுவாகப் போயிருந்தால் தண்ணீரும் மரியாதையாக விலகியிருக்கும். இவர் பாய்ந்த வேகத்தில் அது எழுந்து பானெட்டுக்கு மேலே வந்து எட்டிப் பார்த்தது. இன்ஜின் இரண்டு முறை இருமியது. பிறகு பேச்சே இல்லை. வண்டி நட்ட நடுவில் நின்றது. கதவிடுக்கு வழியாகத் தண்ணீர் உள்ளே வந்தது. நனையாமல் இருந்தவை பிளாஸ்டிக் உறை போட்ட இருக்கைகள் மட்டும்தான்.

"மாமா, அங்க பாருங்க. ஏதோ மிதந்து போகுது."

தும்பிக்கை போய்க்கொண்டிருந்தது.

நடைபாதை அதே ஓடையை இருநூறடி கீழே கல் கல்லாகத் தாண்டிப் போகும். ஷூவைக் கையில் பிடித்துக்கொண்டு தாண்டிக்கொண்டிருந்த மனைவியின் காலில் வந்து முட்டியது ஒரு கறுப்புக் குழாய். எடுத்துப் பார்த்தார். அடி முனையில் கம்பெனி போட்ட மூடி அப்படியே இருந்தது.

குழாயைத் தோளில் சாத்திக்கொண்டு அவர் கரையோரமாக மேலே வந்தபோது, ஏசிக்காரர் ஜீப் கூரையில், விளக்குகளுக்கு நடுவே உட்கார்ந்திருந்தார்.

"என்னங்க, இது உங்களுதா பாருங்க."

"ஆமா."

"மூடியைக் கழட்டாம யானை எப்படிங்க மூச்சு விடும்?"

அப்போதுதான் கடைக்காரர் தகட்டைத் தட்டிக் காட்டிய இடம் ஏசிக்காரருக்கு ஞாபகம் வந்தது. தலையைக் குனிந்து, ஒட்டின கதையைச் சொன்னார். மைத்துனன் சிரித்த சிரிப்பில் தண்ணீரில் விழுந்தான்.

"சரி, இறங்குங்க. குடில்ல டிராக்டர் இருக்கு, கூட்டிட்டு வரலாம்" என்ற மனைவி, நாலடி நடந்து திரும்பினார். "பந்தயம் பந்தயம்தான். நான் முன்னாடி நடக்கறேன்."

ஏசிக்காரர் பின்னால் நடந்தார். ஷூவுக்குள் ஓடையின் ஒரு பகுதியும் கூடவே வந்தது. முள் கிளைகள் இப்போது அவர் சட்டையைத்தான் கீறின. பாதி வழியில் ஒரு பாறைமேல் உட்கார்ந்து கீழே பார்த்தார். மலை நன்றாகத்தான் இருந்தது. இரண்டு வருடமாக அவர் குழுவில் வர்ணித்த மலையைவிடக் கொஞ்சம் பெரிதாக இருந்தது.

டிராக்டர் இழுத்த ஜீப்பில் மூவரும் ஊர் திரும்பினார்கள். கூரை வரை சேறு. கண்ணாடியில் ஒரு தவளைக்குஞ்சு. மனைவி முன் இருக்கையில் ஒய்யாரமாக உட்கார்ந்திருந்தார்.

"இப்பதான் இது ஒரு வண்டி மாதிரி இருக்கு."

"அடுத்த வாரம் விளம்பரம் கொடுத்துடறேன்" என்றார் ஏசிக்காரர்.

மனைவி அவர் பக்கம் திரும்பினார். "விக்க வேண்டாம்னா ஒரு வழி இருக்கு. உங்க கையாலயே அந்த ஓட்டையைப் போடணும். போட்டுட்டு மாசம் ஒரு தடவை என்னை மலையடிவாரத்துல கொண்டுபோய் விடணும்."

"ஓட்டையா?" என்று கேட்ட ஏசிக்காரரின் முகம், விளம்பரமே மேல் என்றது.

மெக்கானிக் இன்ஜினிலிருந்து, தண்ணீர் கலந்து பால் டீ நிறத்துக்கு வந்திருந்த ஆயிலை வடித்துவிட்டு, உலர்த்தி, ஓட வைத்துக் கொடுத்தார். அடுத்த ஞாயிறு வாசலில் ஏசிக்காரர் வேலையில் இறங்கினார். பானெட்டின்மேல் படுக்கை விரிப்பு. தூசி பிடிக்கக் கீழே ஒரு பழைய வேட்டி. பென்சிலால் குறி. அளந்தார். அழித்தார். மறுபடி அளந்தார்.

"மாமா, யார் வீட்டுச் சுவரையாவது இப்படி அளந்திருக்கீங்களா?"

"அது சுவர் மாப்ள!"

"துடைச்சா போயிடும் மாமா."

ட்ரில்லைத் தூக்கினார். மனைவி பின்னால் வந்து, பழக்க தோஷத்தில் அவர் முழங்கையை இறுக்கிப் பிடித்துக்கொண்டார்.

"என்னங்க, அந்தப் பக்கம் பாருங்க. எறும்பு கடிச்ச மாதிரிதான் இருக்கும்."

ஏசிக்காரரின் அலறல் கேட்டு எதிர் வீட்டு ஜன்னல் திறந்தது. ட்ரில் இன்னும் தகட்டைத் தொடவே இல்லை.