ஒதில் எடுத்த கல்யாணம்

முதலில் சர்க்கஸில் கரணம் போடுகிறவர்களுக்குத் தைத்தாள். பிறகு பிரான்சின் லீல் நகர நாடக அரங்கில் பாடகிகளுக்கு. நாற்பது வயதில் சினிமாவுக்கு உடை வடிவமைக்க வந்த ஒதில் வாசெர், அதுவரை கேமராவைத் தொட்டதுகூடக் கிடையாது.

ஆயிரத்துத் தொள்ளாயிரத்து எழுபத்தாறில், ஆர்தெஷ் மலைக் கிராமம் ஒன்றில் பழங்காலக் கல்யாணக் கதை ஒன்றைப் படமாக்கினார்கள். ஊர்க்காரர்கள் அறுபது பேருக்கு நாலு மாதம் உட்கார்ந்து உடை தைத்திருந்தாள் ஒதில். மூன்றாவது வாரம் டைரக்டருக்கும் கதாநாயகிக்கும் தகராறு முற்றி, ஆளுக்கொரு காரில் கிளம்பிப் போய்விட்டார்கள். "மூட்டை கட்டுங்க" என்று பாரிஸிலிருந்து தயாரிப்பாளர் போன் பண்ணினார்.

போனை எடுத்த ஒதில் விடவில்லை. "நாலு நாளைக்கு பிலிம் இருக்கு. நான் எடுக்கறேன்."

"என்னமோ பண்ணுங்க" என்று அவர் போனை வைத்துவிட்டார்.

கேமராமேன் கிஸ்லேன் சிரித்தான். "படம் எடுக்க உனக்கு என்ன தெரியும்?"

"ஒண்ணும் தெரியாது. ஆனா இந்த ஊர்ல எல்லார் இடுப்பளவும் தெரியும். எவன் மூச்சை இழுத்துப் பிடிச்சு அளவு கொடுத்தான்னும் தெரியும்."

மணப்பெண்ணாகத் தபால்காரி உகெத்தைப் பிடித்தாள். ஐம்பத்தெட்டு வயது, மலையேறி இறுகிய உடம்பு. கதாநாயகிக்குத் தைத்த கவுன் தோளோடு நின்றுவிட்டது.

"ஏம்மா, இதுக்குள்ள என்னைத் திணிக்கப் போறியா?"

"கையைத் தூக்குங்க. பேசாதீங்க." இரண்டு பக்கமும் தையலைப் பிரித்து, சாப்பாட்டு மேஜை விரிப்பை வெட்டி ஒட்டுக் கொடுத்தாள் ஒதில்.

மாப்பிள்ளை, மனைவியை இழந்த, குழாய் ரிப்பேர் செய்கிற ஃபிர்மேன். பாதிரியார் வேஷத்தில் ரொட்டிக்கடைக்காரர். தேவாலயத்தில் அறுபது பேரும் விறைப்பாக நின்றார்கள்.

"இவரைக் கணவராக ஏற்கச் சம்மதமா?"

உகெத் மாப்பிள்ளையை மேலும் கீழும் பார்த்தாள். "யோசிச்சுச் சொல்றேன்."

ஒத்திகையில் இல்லாத வசனம். ஃபிர்மேனின் முகம் தொங்கியது, பிறகு அவரே முதலில் சிரித்தார். கூட்டம் மொத்தமும் வெடித்தது. கிஸ்லேன் திரும்பிப் பார்த்தான். ஒதில் கண்ணைத் துடைத்துக்கொண்டே, "நிறுத்தாதே, ஓடட்டும்!" என்று கையை ஆட்டினாள்.

அந்தச் சிரிப்போடுதான் படத்தை முடித்தாள். லியோனில் ஒரு சின்னத் தியேட்டரில் பதினாலு வாரம் ஓடியது. தயாரிப்பாளரே பூச்செண்டோடு வந்து, அடுத்த படம் எப்போது என்று கேட்டார்.

அதே வாரம் லீல் அரங்கிலிருந்து கடிதம் வந்தது: மேடையில் நடக்கப்போகும் நிஜ வாத்துகள் பதினொன்றுக்குச் சட்டை வேண்டுமாம். ஒதில் பெட்டியை எடுத்தாள்.

"டைரக்டர் ஆயிட்டு மறுபடியும் தையலா?" என்றான் கிஸ்லேன்.

"படம் அடுத்த வருஷம் எடுத்துக்கலாம். வாத்துக்கு அளவெடுக்க என்னை இன்னொரு தடவை எவன் கூப்பிடுவான்?"