சின்யோர் ஒட்டோ சாகாத காட்சி

இத்தாலியில், பொலிதேயாமாப் பகுதியில் நான் வேலை செய்யும் வீட்டுக்கு அம்மா ஒருநாளும் தொலைபேசி எடுப்பதில்லை. போன திங்கட்கிழமை எடுத்தார். “பிள்ளை, சின்யோர் எழும்புறார் இல்லை. நடிக்கிறாரெண்டு நினைச்சு ஏசிப்போட்டன்” என்றார். பிறகு அழுதார்.

பல்லரோச் சந்தையில் நம் தமிழர் கடை வாசலில் கறிவேப்பிலையை முகர்ந்தபடி நிற்கும் உயரமான ஜெர்மன்காரரை உங்களில் பலர் கண்டிருப்பீர்கள். அவர் நடிகர் என்பதை அறிந்தவர்கள் குறைவு. ஒரு படப்பிடிப்புக்காக இந்த நகருக்கு வந்து கால்சாப் பகுதியிலேயே தங்கிவிட்டவர். அம்மா அவர் வீட்டில் துப்புரவு வேலை செய்தார்; இத்தாலியர் ‘ஐயா’ என்பதற்குச் சொல்லும் ‘சின்யோர்’ என்றே அவரைக் கூப்பிடுவார்.

சின்யோர் ஒட்டோவுக்குப் பெரும்பாலும் கிடைத்தவை பிண வேடங்கள். ஜெர்மன் தொலைக்காட்சியின் துப்பறியும் தொடர்களில், கதை சூடுபிடிக்குமுன்பே கொல்லப்படுபவர் அவர்தான். வீடியோக் கசெற் போட்டுக் காட்டுவார்: கம்பளத்தில் கிடப்பார், குளத்தில் மிதப்பார். எங்களுக்குப் பொதுவான அரைகுறை இத்தாலிய மொழியில் ஒருநாள் சொன்னார்: “உயிரோடிருப்பவன் தடுமாறினால் அதுவும் நடிப்பு. பிணம் இமைத்தால் எல்லாம் போயிற்று.”

நெஞ்சு அசையாமல் அடிவயிற்றால் மூச்சுவிடும் வித்தையை வீட்டிலும் பழகுவார். சோபாவில் விறைத்துக் கிடப்பவரைப் பார்த்து அம்மா, “செத்தது காணும். காலைத் தூக்குங்கோ, கூட்டவேணும்” என்பார். தமிழ் புரியாமலே காலைத் தூக்குவார்.

இந்த வசந்தத்தில் அவருக்கு வேறொரு வேடம் வந்தது. கடைசிவரை உயிரோடிருக்கும் தகப்பன். இறுதிக் காட்சியில் நாற்காலியில் உறங்குவார். மகள் வந்து எழுப்புவாள். எழுந்து சாப்பாட்டு மேசைக்குப் போவார். அவ்வளவுதான். அதற்காகப் புதுச் சப்பாத்து வாங்கினார். படப்பிடிப்புக்கு ஜெர்மனி போகும் பயணம் நின்றுவிடுமென்று நெஞ்சுவலியை டாக்டரிடம் மறைத்திருக்கிறார். அது எங்களுக்குப் பிறகுதான் தெரிந்தது.

அவர் வீட்டில் நடந்த ஒத்திகையில் மகளின் வசனம் எனக்கு. எங்கள் வீட்டின் முதல் பட்டதாரி நான். ஆனாலும் ஒருவர் முன்னால்கூட என் குரல் எழும்பாது. “அப்பா, எழும்புங்கள். சாப்பாடு ஆறுகிறது” என்று இத்தாலிய மொழியில் முணுமுணுத்தேன். கண்ணைத் திறக்காமலே, “இப்படிக் கூப்பிட்டால் இந்தப் படத்திலும் நான் சாகவேண்டியதுதான்” என்றார்.

குசினியிலிருந்து அம்மா கேட்டார். “என்னவாம் அவர்?”

“சத்தமாச் சொல்லட்டாம்.”

“அதைத்தானே நானும் சின்னனிலையிருந்து சொல்லுறன்!”

படப்பிடிப்புக்குப் போகுமுன்பே அந்தத் திங்கட்கிழமை வந்துவிட்டது. அடக்கத்துக்கு ஜெர்மனியிலிருந்து எவரும் வரவில்லை. பங்குக் கோவிலில் நம்மவர்கள் சிலரும் அயலவர் சிலரும்தான். “உறங்கிற மாதிரிக் கிடக்கிறார்” என்று யாரோ சொன்னார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. கசெற்றுகளில் அவர் செத்துக் கிடக்கும்போது வாயோரத்தில் ஒரு சிறு இறுக்கம் இருக்கும். அது வேலை செய்யும் மனிதனின் இறுக்கம். இப்போது அது இல்லை. அம்மா அவர் காலில் போட்டிருந்த புதுச் சப்பாத்தைத் தொட்டபடி நின்றார்.

பெட்டியை மூட வந்தார்கள். நான் அந்த வசனத்தைச் சொன்னேன், தமிழில். “அப்பா, எழும்புங்கோ. சாப்பாடு ஆறுது.”

மூட வந்தவர்களின் கை நின்றது. கடைசி வாங்கு வரிசையில் இருந்தவர்களும் எழுந்து பார்த்தார்கள்.

அவருடைய கசெற்றுகள் யாரிடம் போகுமோ தெரியாது. எனக்கு மிஞ்சியது அந்த வசனம். அவர் கேட்ட அளவுக்குச் சத்தமாகத்தான் அதைச் சொன்னேன்.