ஒன்றாம் நம்பர் படகு

என்னைப் பொறாமைக்காரன் என்று யாராவது சொல்லியிருந்தால் முன்பெல்லாம் சண்டைக்குப் போயிருப்பேன். இப்போது போகமாட்டேன். என் சகலையின் படகில் பச்சை பெயின்ட்டில் ‘1’ என்று எழுதியிருந்ததைப் பார்த்த அன்று என் வயிற்றில் எரிந்தது என்ன என்று எனக்கு நன்றாகத் தெரியும். காலையில் சாப்பிட்ட இட்லி இல்லை அது.

எங்கள் ஊர் ராஜபாளையத்துக்கும் ஸ்ரீவில்லிபுத்தூருக்கும் நடுவில், மெயின் ரோட்டிலிருந்து உள்ளே தள்ளி இருக்கிறது. கடலைப் பார்க்க வேண்டும் என்றால் பாதி நாள் பஸ்ஸில் உட்கார வேண்டும். ஆனாலும் எங்கள் ஊரில் படகு உண்டு. மேற்கே மலையில் மழை பிடித்தால் கண்மாய் நிறையும். நிறைந்தால் கட்லாவும் ரோகுவும் விட்டு வளர்ப்போம். நான் ராஜபாளையத்தில் நூல் மில்லில் வேலை பார்ப்பவன். ஷிப்ட் முடிந்து வந்ததும் வலையைத் தூக்கிக்கொண்டு கண்மாய்க்குப் போய்விடுவேன். மற்ற மூன்று பேர் வைத்திருந்தது பரிசல். பலகை அடித்து, தார் பூசி, மூக்கும் முதுகுமாக உட்கார்ந்திருந்த ஒரே படகு என்னுடையதுதான்.

தை மாதம் முதல் வெள்ளிக்கிழமை கண்மாய்க்கரை அய்யனாருக்குப் பொங்கல் வைத்துவிட்டுத்தான் வலை இறக்குவோம். அன்றைக்கு முதலில் தண்ணீரைத் தொடும் படகுக்கு மாலை. அதன் சொந்தக்காரர் தலையில் பூசாரி பரிவட்டம் கட்டுவார். பொங்கல் வைத்த பெண்கள் குலவை போடுவார்கள். படகு நடுக்கண்மாய் வரை போய்ப் பால் ஊற்றிவிட்டுத் திரும்பும். வருஷா வருஷம் அந்த மரியாதை எனக்குத்தான். வேறு யாருக்கும் கொடுக்க வழியில்லை என்பதுதான் உண்மை. பரிசலுக்கு முன்பக்கம் எது, பின்பக்கம் எது? மாலையை எங்கே போடுவார்கள்?

உங்களுக்கு இது சின்ன விஷயமாகத் தெரியலாம். மில்லில் நான் நூற்றில் ஒருவன். தெருவில் ஐம்பதில் ஒருவன். எனக்கு முதலிடம் இருந்தது இரண்டே இடத்தில். ஒன்று இந்தக் கண்மாய்க்கரை. இன்னொன்று சோழபுரத்தில் என் மாமனார் வீடு. அங்கே நான் மூத்த மருமகன், முதல் இலை எனக்கு.

இலை எனக்குத்தான் போட்டார்கள். பேச்சுதான் சகலைக்குப் போய்விட்டது. என் மனைவியின் தங்கையைக் கட்டியவர் அவர். எங்கள் ஊரேதான், அடுத்த தெரு. பட்டாளத்தில் இருந்தவர். லீவில் வந்தால் மாமனார் நாற்காலியை அவர் பக்கம் இழுத்துப் போட்டு உட்கார்ந்து பனி எப்படி, பார்டர் எப்படி, துப்பாக்கி எவ்வளவு கனம் என்று கேட்பார். என் பக்கம் திரும்பி, “மில்லு ஓடுதா?” என்பார். “ஓடுது மாமா” என்பேன். அதோடு சரி. பட்டாளத்திலிருந்து ஒரேயடியாக வந்த பிறகாவது அந்த மவுசு குறையும் என்று பார்த்தேன். குறையவில்லை. வந்த மறு வருஷமே ஒரு பைபர் படகை லாரியில் ஏற்றிக்கொண்டு வந்து கண்மாய்க்கரையில் இறக்கினார். வெள்ளை வெளேர் என்று, நீல பார்டர் போட்டு, கல்யாண வீட்டுக்கு வந்த கார் மாதிரி நின்றது. தெருவே போய்த் தடவிப் பார்த்தது. நான் தடவவில்லை. தூரத்தில் நின்று, “வெயிலுக்கு வெடிச்சிரும்” என்று மட்டும் சொன்னேன்.

அந்த வருஷம்தான் பஞ்சாயத்து போர்டில் நோட்டீஸ் ஒட்டினார்கள். கண்மாயில் ஓடும் படகு எல்லாவற்றையும் யூனியன் ஆபீஸில் பதிய வேண்டும், நம்பர் வாங்கிப் படகில் எழுத வேண்டும், லைப் ஜாக்கெட் வைத்திருக்க வேண்டும் என்று போட்டிருந்தது. சகலை அன்று சாயங்காலமே என் வீட்டுக்கு வந்தார்.

“அண்ணே, நாளைக்கு ஸ்ரீவில்லிபுத்தூர் போறேன். நீங்களும் வாங்க, ரெண்டு பேரும் சேந்து பதிஞ்சிருவோம்.”

நான் சிரித்தேன். “கண்மாயில ஓடுற போட்டுக்கு நம்பரா? நாளைக்கு எருமைக்கும் நம்பர் கேப்பான். போங்க சகல, நமக்கு வேற சோலி இருக்கு.”

அவர் தனியாகப் போனார். எல்லாக் காகிதத்தையும் ஒரு பிளாஸ்டிக் பைலில் வரிசையாக அடுக்கிக்கொண்டு போனாராம். பட்டாளத்துக்காரர் இல்லையா. மறு வாரம் ஆள் வந்து பார்த்து, நம்பர் கொடுத்துவிட்டார்கள். முதலில் போனவருக்கு ஒன்று.

அதோடு போயிருந்தால் நானும் சிரித்துக்கொண்டே இருந்திருப்பேன். கண்மாய்க் கமிட்டிக் கூட்டத்தில்தான் இடி விழுந்தது. இந்த வருஷம் மரியாதை யாருக்கு என்ற பேச்சு வந்தபோது தலைவர் தொண்டையைச் செருமிக்கொண்டு, “கவர்மென்ட்டே ஒன்னுன்னு எழுதிட்டான். நாம மாத்திச் சொன்னா நாளைக்கு கோர்ட்டுக்குப் போனா நிக்குமா?” என்றார். யார் கோர்ட்டுக்குப் போகப் போகிறார்கள் என்று ஒருவரும் கேட்கவில்லை. ஊரே தலையை ஆட்டியது. பதிவு நம்பர் வரிசைப்படிதான் இனி மரியாதை என்று நோட்டில் எழுதிவிட்டார்கள். சகலை எழுந்து, “அண்ணனே வாங்கிக்கிடட்டும், காலங்காலமா அவியதான வாங்குதாவ” என்றார். அவர் அப்படிச் சொன்னது எனக்கு இன்னும் எரிந்தது. இவர் விட்டுக்கொடுத்து நான் வாங்க வேண்டுமா?

வீட்டுக்கு வந்தால் மனைவி சோற்றை வைத்துவிட்டு, “அவிய ஒழுங்காப் போயிப் பதிஞ்சாவ. நீங்க எருமைக் கதை பேசிக்கிட்டுக் கெடந்தீங்க” என்றாள். அன்றைக்குக் குழம்பில் உப்பு இருந்ததா என்று எனக்குத் தெரியாது.

மறுநாள் ஷிப்டுக்கு லீவு சொல்லிவிட்டு ஸ்ரீவில்லிபுத்தூர் போனேன். யூனியன் ஆபீஸில் அந்தப் பிரிவைப் பார்த்துக்கொண்டிருந்தது ஒரு பெண். பொறுமையான பிள்ளை. மனுவை வாங்கிப் பார்த்துக்கொண்டிருக்கும்போதே மெதுவாகக் கேட்டேன்.

“இந்த நம்பரை மாத்தித் தர முடியாதாம்மா? எங்க ஊர்ல மூத்த போட்டு என்னோடதுதான்.”

“அண்ணாச்சி, இது வந்த வரிசைக்குப் போடுற நம்பர். இதுல மூத்தது எளையது எல்லாம் கெடையாது.”

“எங்க ஊர்ல அதுக்கும் சாமி மரியாதைக்கும் முடிச்சுப் போட்டுட்டாங்கம்மா. ஒன்னுக்கு முன்னாடி ஏதாவது இருந்தா…”

“ஒன்னுக்கு முன்னாடி பூஜ்யம்தான் இருக்கு” என்று சிரித்தாள்.

“அதத் தருவீங்களா?” என்று கேட்டேன். நான் சிரிக்கவில்லை. அவள் சிரிப்பை அடக்கிக்கொண்டு போட்டோவைப் பார்த்தாள். படகில் நான் இடுப்பில் கை வைத்து நிற்கிற மாதிரி எடுத்த போட்டோ அது. “ஆள் இல்லாம போட்டு மட்டும் எடுத்துட்டு வாங்க. பக்கவாட்டுல, முழுசாத் தெரியணும்” என்று திருப்பிக் கொடுத்துவிட்டாள். நானில்லாமல் அந்தப் படகை ஒருவரும் போட்டோ எடுத்ததில்லை.

போட்டோ எடுத்து, கழுவி, மறுபடி லீவு கேட்டு, மறுபடி பஸ் ஏறிப் போவதற்குள் மூன்று பரிசல்காரர்களும் போய்ப் பதிந்துவிட்டார்கள். இரண்டு, மூன்று, நான்கு. சுற்றிச் சுற்றி வருகிற கூடைக்கு மூன்று, எனக்கு ஐந்து. அதுவும் ஆள் வந்து படகைப் பார்த்த பிறகுதான் தருவார்களாம். திரும்பி வரும்போது மடவார் வளாகம் தாண்டும் வரை அழுகை வருவது மாதிரி இருந்தது. அதற்கப்புறம் கோபம் வந்தது. எங்கள் ஊர் ஸ்டாப்பில் இறங்காமல் ராஜபாளையம் வரை போய் இறங்கும்போது என் புத்தி முழுதாகக் கெட்டிருந்தது.

தபாலாபீஸ் வாசலிலேயே ஒரு கவர் வாங்கி, இடது கையால் ஒரு மொட்டைப் பெட்டிஷன் எழுதினேன். ஒன்றாம் நம்பர் படகில் லைப் ஜாக்கெட் கிடையாது, அது உறுதியில்லாத படகு, பாத்திரம் அறியாமல் நம்பர் கொடுத்துவிட்டார்கள் என்று எழுதினேன். அவரிடம் ஜாக்கெட் இருந்ததா இல்லையா என்று எனக்குத் தெரியாது. தனக்கு ஒரு கண் போனாலும் எதிரிக்கு இரண்டு கண்ணும் போக வேண்டும் என்பார்களே, அந்த நிலைமை எனக்கு. அதோடு நிறுத்தியிருக்கலாம். கை நிற்கவில்லை. ‘இந்தக் கண்மாயில் உண்மையான முதல் படகு தெற்குத் தெரு மரப்படகுதான். அதன் உறுதியையும் அழகையும் ஊரே அறியும்’ என்று கடைசியில் ஒரு வரி சேர்த்துவிட்டுத்தான் கவரை ஒட்டினேன். தவளை தன் வாயால் கெட்டது.

நாலைந்து நாளில் ஆபீஸர் ஒருவர் பைக்கில் வந்தார். கண்மாய்க்கரையில் அப்போது நானும் சகலையும் மட்டும்தான் இருந்தோம். சகலை படகின் மேல் மூடியிருந்த சாக்கை எடுத்தார். இரண்டு ஆரஞ்சு ஜாக்கெட், ஒரு மிதவை வளையம், சுற்றி வைத்த கயிறு, எல்லாம் புத்தம் புதிதாக இருந்தது. ஆபீஸர் டிக் போட்டுக்கொண்டார். பிறகு பைலிலிருந்து என் கவரை எடுத்தார்.

“ஒங்க மேல யாரோ எழுதியிருக்காங்க. பேர் இல்ல. ஆனா தெற்குத் தெரு மரப்படகைப் பத்திப் பெருமையா எழுதியிருக்கு. அது எந்தப் படகு?”

சகலை காகிதத்தை வாங்கிக் கடைசி வரி வரை படித்தார். என்னைப் பார்த்தார். தெற்குத் தெருவில் மரப்படகு வைத்திருக்கிறவன் நான் ஒருத்தன்தான். காகிதத்தை மடித்துத் திருப்பிக் கொடுத்துவிட்டு, “யாரு எழுதுனதுன்னு தெரியல சார்” என்றார்.

பதிவுக்காக அவர் பார்க்க வேண்டிய அடுத்த படகு என்னுடையது. ஆபீஸர் அதைக் கவிழ்க்கச் சொன்னார். சட்டைப் பையிலிருந்த பேனாவை எடுத்து அடிப்பலகையில் ஒரு குத்து குத்தினார். பேனா பாதி உள்ளே போய்விட்டது. தாருக்கு அடியில் பலகை உளுத்துப்போயிருந்தது. நான் வருஷா வருஷம் தார் பூசினேனே தவிர உள்ளே பார்க்கவேயில்லை. “பலகை மாத்திட்டுச் சொல்லுங்க, வந்து பாக்கேன். அதுவரைக்கும் தண்ணியில எறக்கக் கூடாது” என்று எழுதிக் கையெழுத்து வாங்கிக்கொண்டு போனார். முதல் படகு போய், ஐந்தாம் படகு போய், படகே இல்லாதவன் ஆனேன்.

அதற்குப் பிறகு தை வெள்ளி வரை நான் சரியாகத் தூங்கவில்லை. சகலை அவர் மனைவியிடம் சொல்லியிருப்பார், அவள் அக்காவிடம் சொல்லுவாள், அது சோழபுரம் போய்ச் சேரும், முதல் இலையும் போகும் என்று தினமும் காத்திருந்தேன். ஒன்றும் நடக்கவில்லை. மனைவி வழக்கம்போலத் திட்டினாள், வழக்கம்போலச் சோறு போட்டாள். அவர் யாரிடமும் சொல்லவில்லை என்று புரிந்தபோது எனக்கு நிம்மதி வந்திருக்க வேண்டும். வரவில்லை. அவர் நிலையில் நான் இருந்திருந்தால் அன்று சாயங்காலத்துக்குள் ஊர் முழுக்கச் சொல்லியிருப்பேன். அந்த மனசு எனக்கு இல்லையே என்று அதற்கும் பொறாமைப்பட்டேன்.

தை வெள்ளியன்று கரையில் கூட்டம். மாமனாரும் சோழபுரத்திலிருந்து வந்திருந்தார். என் படகு கரையில் கவிழ்ந்து கிடந்தது. பூசாரி சகலைக்குப் பரிவட்டம் கட்டினார், குலவை போட்டார்கள், வெள்ளைப் படகு தண்ணீரைத் தொட்டது. சகலை ஏறி உட்கார்ந்து துடுப்பைப் போட்டார். படகு சுற்றியது. இன்னொரு தரம் போட்டார். இந்தப் பக்கம் சுற்றியது. அப்போதுதான் எனக்குத் தெரிந்தது, மனுஷருக்குத் துடுப்புப் போடத் தெரியாது. தினமும் கரையோரமாகக் கம்பு ஊன்றித்தான் தள்ளிக்கொண்டிருந்திருக்கிறார்.

“ஏலே, மிலிட்டரி பரேடு எடுக்குதுலே!” என்று ஒருவன் கத்தினான். கூட்டம் சிரித்தது. சகலை பரிவட்டத்தோடு கரையைப் பார்த்தார். என்னைத்தான் பார்த்தார்.

பொய் சொல்லி என்ன ஆகப்போகிறது, எனக்குச் சர்க்கரைப் பொங்கல் சாப்பிட்ட மாதிரி இருந்தது. மூன்றாவது சுற்று வரை நின்று ரசித்தேன். மனைவி என் முழங்கையில் இடித்து, “பாத்துக்கிட்டே நிக்கீங்க? போங்க” என்றாள். மாமனாரும் திரும்பி என்னைப் பார்த்தார். வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு தண்ணீரில் இறங்கிப் போய் வெள்ளைப் படகில் ஏறினேன்.

“மொதல்ல இதப் போடுங்கண்ணே” என்று சகலை ஒரு ஜாக்கெட்டை எடுத்து என் தோளில் மாட்டி, முன்னால் வார்களை அவரே இழுத்துக் கட்டினார். அவர் என் முகத்தைப் பார்க்கவில்லை, நானும் அவர் முகத்தைப் பார்க்கவில்லை. துடுப்பைக் கையில் வாங்கி ஒரே இழுப்பு இழுத்தேன். படகு வழுக்கிக்கொண்டு போனது. என் படகாக இருந்தால் அந்தத் தூரத்துக்கு நாலு இழுப்பு வேண்டும். இவ்வளவு லேசான படகா என்று தண்ணீரின் நடுவிலும் எனக்கு வயிறு எரிந்தது. அவர் முன்னால் உட்கார்ந்து பால் ஊற்றினார். கரையில் குலவை கேட்டது. துடுப்பு என் கையில், குலவை அவருக்கு.

திரும்பிக் கரையேறியதும் சகலை தலையிலிருந்து பரிவட்டத்தை அவிழ்த்தார். “இது எங்க அண்ணனுக்குத்தான் சேரணும்” என்று எல்லாருக்கும் கேட்கச் சொல்லி என் தலைப்பக்கம் கொண்டு வந்தார். நான் எட்டி அவர் கையைப் பிடித்தேன்.

“வேண்டாம் சகல. ஒங்களுக்கே இருக்கட்டும்.”

கமிட்டித் தலைவர், “மனுசன்னா இப்படி இருக்கணும்யா” என்றார். மாமனார் வந்து என் தோளில் கை வைத்தார், கல்யாணமாகி இத்தனை வருஷத்தில் முதல் தடவையாக. மனைவி முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். நான் விட்டுக்கொடுத்துவிட்டேன் என்று ஊரே நினைத்தது. அவர் கையால் அதை வாங்கிக்கொள்ளப் பொறுக்காமல்தான் தடுத்தேன் என்பது, என் பிடியில் மணிக்கட்டு வலிக்க நின்ற அவருக்கு மட்டும்தான் தெரியும்.