பாறையிடம் பேசிய அத்தான்

என் அக்கா ரோலெட்டாவின் கணவர் வெண்டெல் டொஹானி, ஜன்னல் வழியாக வீட்டைவிட்டு வெளியேறுவதில் கைதேர்ந்தவர். ஆறடிக்கு மேல் உயரம், அகலமான தோள். ஆனாலும் என் அம்மாவின் பாவாடை ஓரத்தில் தைத்திருக்கும் வெள்ளி மணிகளின் சத்தம் வாசலில் கேட்டதுமே, கையிலிருக்கும் காப்பிக் கோப்பையைக்கூடக் கீழே வைக்காமல் பின்பக்க ஜன்னலில் காலைப் போட்டுவிடுவார். ஒருமுறை இடுப்பு மாட்டிக்கொண்டது. அக்கா உள்ளேயிருந்து தள்ளினாள், நான் வெளியேயிருந்து இழுத்தேன். அம்மா வாசலிலேயே நின்றுகொண்டு, "அந்த மனுஷர் போயாச்சா இல்லையாடி? ரொட்டி ஆறிப்போகுது!" என்று கத்திக்கொண்டிருந்தார்.

அமெரிக்கப் பழங்குடிகளில் ஒன்றான நவஹோ மக்கள் நாங்கள்; எங்களில் மாமியாரும் மருமகனும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்ப்பதில்லை. பார்த்தால் கண் போகும் என்பார்கள். அதில் வெறுப்பு ஒன்றும் கிடையாது, மரியாதைதான். இப்போது பல வீடுகளில் இதை விட்டுவிட்டார்கள். என் பெரியம்மா தன் மருமகனோடு பேஜ் நகரத்துக் கடையில் தள்ளுவண்டி தள்ளிக்கொண்டு போகிறார். என் அம்மா எலோயிஸ் மட்டும் விடவில்லை. அதனால் அத்தானும் விடவில்லை.

அத்தான் லுகாசுகாய் மலைப்பக்கத்துக்காரர். கல்யாணமானதும் எங்கள் வழக்கப்படி பெண் வீட்டு நிலத்துக்கு வந்து சேர்ந்தார். மின் நிலையத்தில் வெல்டிங் வேலை பார்த்தார். அதை மூடிய பிறகு எங்கள் ஆடுகளைப் பார்த்துக்கொண்டார், வேலி கட்டினார், ஊரிலுள்ள பாதி வண்டிகளைப் பழுது பார்த்தார். யாரும் இல்லாதபோது ஆடுகளிடம் பாடுவார். நல்ல குரல். ஆனால் மாமியார் பக்கத்தில் எங்காவது இருந்தால் வாயே திறக்க மாட்டார். அம்மா அவர் குரலைக் கேட்டதே இல்லை.

அதுதான் வினையாக வந்தது.

எங்கள் மேய்ச்சல் நிலத்தில் ஒரு பிளவு இருக்கிறது. மழைவெள்ளம் மணற்பாறையை அறுத்து உண்டாக்கியது. மேலே நின்று பார்த்தால் தரையில் ஒரு கீறல்தான் தெரியும். உள்ளே இறங்கினால் செம்மறித் தோலை மடித்து மடித்து வைத்தது போலச் சிவந்த சுவர்கள். வெளியூர்க்காரர்களை அம்மா தன் பழைய வண்டியில் ஏற்றி, ஒரு நாளுக்கு ஒரு குடும்பம் என்று அங்கே அழைத்துப்போவார். முழங்கால் தேய்ந்தபின் அது முடியவில்லை. வேலிக்கதவுச் சாவியை யாரிடமாவது கொடுத்தாக வேண்டும்.

பெரியம்மா மகன் ராட்ரிக் அண்ணன் அதற்குத் தயாராக இருந்தான். எங்கள் குலத்துக்காரன், பேச்சுக்குப் பஞ்சமே இல்லாதவன். அத்தானும் கேட்டார், அக்கா மூலமாக. சாவி கிடைக்காவிட்டால் தூரத்துப் பீனிக்ஸ் நகரத்தில் வெல்டிங் வேலை காத்திருந்தது. மாதத்துக்கு இரண்டு தடவைதான் வீட்டுக்கு வர முடியும். அக்காவுக்கு அப்போது ஏழாவது மாதம்.

"நல்ல மனுஷர்தான். நான் இல்லைன்னா சொன்னேன்?" என்றார் அம்மா. "ஆனா ஊமைகிட்ட எப்படிடி என் பிளவைக் குடுக்கறது? உள்ள வர்றவங்க கேள்வி கேப்பாங்க. பயப்படுவாங்க. வாயைத் திறந்து நாலு வார்த்தை சொல்ல வேண்டாமா?"

கடைசியில் ஒரு நாள் மட்டும் கொடுத்துப் பார்ப்பது என்று முடிவானது. நெப்ராஸ்காவிலிருந்து ஒரு குடும்பம் வருகிறது. அத்தான் அழைத்துப்போகட்டும், துணைக்கு நான் கடைசியில் நடந்துவர வேண்டும். முந்தின நாள் சாயங்காலம் அம்மா என்னைத் தனியாகக் கூப்பிட்டார்.

"நான் மேல விளிம்புல உக்காந்து கேப்பேன். மணியையெல்லாம் கைக்குட்டையில சுத்திக்கறேன். அவர்கிட்ட சொல்லிடாத."

நான் சொல்லவில்லை.

காலையில் ராட்ரிக் அண்ணன் வேலியோரம் சாய்ந்து நின்றான். "என்ன மச்சான், இன்னிக்கு ஊமைப்படமா ஓட்டப்போறீங்க?"

"டிக்கெட் உனக்கும் சேர்த்துத்தான் எடுத்திருக்கேன் மச்சான். ஏறிக்க. பின்னாடி ஸ்பேர் டயர் பக்கத்துல இடம் இருக்கு," என்றார் அத்தான். அண்ணன் சிரித்துவிட்டான்.

வந்தவர்கள் இரண்டே பேர். பெவர்லி என்ற வயதான அம்மாள், அவருடைய மகளின் கணவர் கிரெய்க். மகளுக்குக் கால் சுளுக்கிக்கொண்டதால் விடுதியிலேயே தங்கிவிட்டாளாம். அந்த மாமியாரும் மருமகனும் அத்தான் வண்டியின் முன்சீட்டில் தோளோடு தோள் இடித்துக்கொண்டு, ஜன்னலைத் திறப்பதா மூடுவதா என்று வழியெல்லாம் சண்டை போட்டார்கள். அத்தான் பார்வையைப் பாதையைவிட்டு எடுக்கவே இல்லை. அவர் காது மட்டும் சிவந்துவிட்டது.

கதவருகே இறங்கியபோது அவர் குனிந்து மணலைப் பார்த்தார். நானும் பார்த்தேன். புதிதாக ஒரு வண்டித்தடம் விளிம்புப் பக்கமாக ஏறிப்போயிருந்தது.  நான் செருப்புக்குள் போன மணலைத் தட்டிக்கொண்டிருந்தேன்.

பிளவின் வாயில் தொப்பியைக் கழற்றிவிட்டுச் சிறிது நேரம் நின்றார். பிறகு அதை மாட்டிக்கொண்டு உள்ளே நுழைந்தார், பேச ஆரம்பித்தார். எனக்கே ஆச்சரியமாக இருந்தது. எந்த மடிப்பு எந்த மழையில் அகன்றது, வௌவால் எங்கே தூங்குகிறது, வெளிச்சம் எந்த ஓட்டையில் விழும் என்றெல்லாம் நிதானமாகச் சொல்லிக்கொண்டே போனார். எங்கள் வழக்கப்படி விரல் நீட்டாமல் உதட்டைக் குவித்துத்தான் காட்டினார். கிரெய்க் அவர் உதட்டைப் பார்ப்பதா சுவரைப் பார்ப்பதா என்று தடுமாறினார்.

"நரிக்கதை ஒண்ணு சொல்லுங்களேன், புத்தகத்துல படிச்சிருக்கேன்," என்றார் பெவர்லி.

"பனி விழட்டும்மா. வெயில் காலத்துல சொன்னா பாம்பு கேட்டுட்டு வந்துரும்."

மேலே வானத்துக் கீறலை நான் பார்த்தேன். யாரும் தெரியவில்லை. ஆனால் அம்மா தலையாட்டியிருப்பார் என்று எனக்குத் தெரியும்.

பிளவின் நடுவில் ஓர் இரும்பு ஏணி உண்டு. அதற்கு மேலே ஓர் ஆள் மட்டும் பக்கவாட்டில் நுழையும் இடுக்கு. அத்தான் முதலில் ஏறினார். பின்னால் பெவர்லி. பாதி ஏணியில் அவர் நின்றுவிட்டார். இரண்டு கையாலும் கம்பியை இறுகப் பிடித்துக்கொண்டார்.

"பெவர்லி, கீழே பார்க்காதீங்க! மேலேயும் பார்க்காதீங்க!" என்று கீழேயிருந்து கத்தினார் கிரெய்க்.

"அப்புறம் எங்கதான்டா பாக்கறது?" பெவர்லியின் குரல் உடைந்து அழுகையாகிவிட்டது.

"அவசரமே இல்லம்மா," என்றார் அத்தான். "ஏணி எங்கயும் போகாது. நானும் போகமாட்டேன். மூச்சு விடுங்க." மேலே மண்டியிட்டுக் கையை நீட்டினார்.

"வேண்டாம். ஆம்பளைங்க இழுப்பீங்க. இழுத்தா நான் விழுந்துருவேன். என் பொண்ணு இருந்தா அவ கையைப் பிடிச்சுக்கிட்டே ஏறிடுவேன்."

நான் கிரெய்க்குக்குப் பின்னால் இருந்தேன். அவரைத் தாண்டிப் போக இடமில்லை. அத்தான் அந்த அம்மாளையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு முகத்தைப் பக்கத்துச் சுவர்ப்பக்கம் திருப்பி, எங்கள் மொழியில் உரக்கப் பேசினார்.

"பாறையே, உன்கிட்டத்தான் சொல்றேன். காலையில மணல்ல ஒரு வண்டித்தடம் பாத்தேன். யாருதுன்னு நான் கேக்கலை. இங்க ஒரு அம்மா பயந்துபோய் நிக்கறாங்க. ஒரு பொம்பளைத் துணை இருந்தா ஏறிடுவாங்க. என்னால முடியலை."

 தான் சோதிக்கப்படுவது காலையிலிருந்தே அவருக்குத் தெரிந்திருக்கிறது. சாவியை வைத்திருப்பவரின் காதிலேயே போய் 'முடியலை' என்கிறாரே என்று அழுகை வந்தது.

 மேலே எங்கோ கைக்குட்டையை உதறும் சத்தம். அப்புறம் மணிகள். மெதுவாக, ஒரு காலை இழுத்து இழுத்து, பிளவு மேலே போய்த் திறக்கும் மேல்வாய்ச் சரிவில் இறங்கி வந்தன.

"மன்னிச்சுக்கங்க. எங்க மாமியார் வர்றாங்க. நான் அவங்களைப் பாக்கக் கூடாது," என்றார் அத்தான். அந்த இடுக்கில் ஒதுங்கி நிற்க வழி கிடையாது. ஆகவே முதுகை ஒரு சுவரிலும் கால்களை எதிர்ச்சுவரிலும் அழுத்தி, தள்ளித் தள்ளி மேலே ஏறினார். ஓர் ஆள் உயரத்துக்கும் மேலே போய், தொப்பியை முகத்தில் கவிழ்த்துக்கொண்டு, பாலம் போலத் தொங்கினார். அம்மா சால்வையைத் தலையோடு இழுத்து மூடிக்கொண்டு அவருக்கு அடியில் புகுந்து வந்தார்.

"என்ன நடக்குது இங்கே?" என்றார் பெவர்லி. அழுகை நின்றிருந்தது.

நான் சுருக்கமாகச் சொன்னேன்.

"எத்தனை வருஷமா?"

"கல்யாணம் ஆனதுலேருந்து."

பெவர்லி ஏணியைப் பிடித்தபடியே கீழே திரும்பினார். "கேட்டியா கிரெய்க்? நாமளும் இதை ஆரம்பிச்சா என்ன?"

"எனக்குச் சம்மதம் பெவர்லி. இன்னிக்கே ஆரம்பிக்கலாம்."

பெவர்லி சிரித்த சிரிப்பில் ஏணி கிடுகிடுத்தது. அம்மா ஏணித்தலையில் உட்கார்ந்து, வலிக்கும் காலை நீட்டிக்கொண்டு, பெவர்லியின் மணிக்கட்டில் கையை வைத்தார். இழுக்கவில்லை. சும்மா வைத்திருந்தார். "வா தங்கச்சி," என்றார். பெவர்லி ஒரு படி ஏறினார். இன்னொரு படி.

மேலேயிருந்து மணல் உதிர்ந்தது.

"அடியே, அந்த மனுஷர்கிட்ட சொல்லு, என் தலையில மண்ணு கொட்டுது."

"அத்தான், மண்ணு கொட்டுதாம்."

"கால் நடுங்குதுன்னு சொல்லு குட்டி."

"கால் நடுங்குதாம்மா."

"எனக்குக் காது கேக்குதுடி!"

பெவர்லி மேலே வந்து சேர்ந்ததும் அம்மா அவர் கையைக் கோத்துக்கொண்டு மேல்வாய் வழியாக நடந்தார். கிரெய்க்கும் நானும் பின்தொடர்ந்தோம். வெளிச்சத்துக்கு வந்தபோது அம்மா என்னைக் கிட்டே கூப்பிட்டார்.

"குரல் நல்லாத்தான் இருக்கு. ராட்ரிக்கா இருந்தா முடியலைன்னு சொல்லியிருக்க மாட்டான். இழுத்திருப்பான்," என்றார். பிறகு குனிந்து பாவாடை ஓரத்தில் எதையோ பல்லால் கடித்து அறுத்தார். பெவர்லியின் கையில் எதையோ வைத்து மூடினார். வண்டியில் ஏறிப் போய்விட்டார்.

அத்தான் வெளியே வரும்போது முதுகெல்லாம் சிவப்புமண். "போச்சு குட்டி," என்றார் மெதுவாக. "பீனிக்ஸ்ல வெயில் ரொம்பவாமே?"

 அம்மா சொன்னதை அவரிடம் சொல்ல வேண்டியது நானல்ல. எல்லோரும் ஜூனிப்பர் மர நிழலில் உட்கார்ந்தோம். அக்கா கட்டிக்கொடுத்த சுட்ட ஆட்டுக்கறியும் பச்சைமிளகாயும் வைத்த ரொட்டியை அவர் பிரித்துப் பரிமாறினார். பெவர்லி ரொட்டியை வாங்கிக்கொண்டு, மற்ற கையை அவர்முன் திறந்தார்.

"உங்க மாமியார் குடுக்கச் சொன்னாங்க. நேர்ல குடுக்க முடியாதாமே!"

வேலிக்கதவுச் சாவி. அதன் வளையத்தில், நூல் பிசிறு தொங்க, பாவாடையிலிருந்து அறுத்த ஒரு வெள்ளி மணி.

அத்தான் அதை எடுக்காமல் பார்த்துக்கொண்டே இருந்தார். அப்புறம் தொப்பியைக் கழற்றி, உள்பக்கம் ஏதோ ஒட்டியிருப்பது போல வெகுநேரம் துடைத்தார்.

இப்போது அந்தச் சாவி அவர் இடுப்பில் தொங்குகிறது. "மச்சான் வர்றார், மாடு வர்ற மாதிரி சத்தம்," என்பான் ராட்ரிக் அண்ணன். கோடை முழுக்க அத்தானுக்கு ஆட்கள் வருகிறார்கள். அவர் பேசுவதைக் கேட்க, பேஜ் நகரத்து விடுதியில் தங்குகிறவர்கள் பெயர் சொல்லிக் கேட்டு வருகிறார்கள். அக்காவின் பையன் அந்த மணியைப் பிடித்து இழுத்துத்தான் நிற்கப் பழகினான்.

அம்மா இப்போது அக்கா வீட்டு வாசலில் காத்து நிற்பதும் இல்லை. அவர் மணி கேட்டால் அத்தான் திரும்பிக்கொள்கிறார், அத்தான் மணி கேட்டால் அவர் திரும்பிக்கொள்கிறார். பின்பக்க ஜன்னலுக்கு அக்கா திரை தைத்துப் போட்டுவிட்டாள்.